கதைக்கு ஒரு சட்டம், சேலைக்கு ஒரு சட்டம்: சினிமா, சீரியல், ஜவுளி என மூன்று துறைகளில் வேலை பார்த்த ஓர் எழுத்தாளர்

எதற்காக இந்தப் பதிவு

கோடம்பாக்கத்தில் தயாரிப்புக் கணக்கும் ஒப்பந்தக் காகிதங்களும் பார்ப்பது என் வேலை. அந்த வழியில் எனக்குத் தெரியவந்த ஒரு பெண் எழுத்தாளரின் தொழில் வாழ்க்கை இது. சினிமாவில் தொடங்கி, மெகா தொடருக்குப் போய், அங்கிருந்து சேலை வடிவமைப்புக்கு வந்தவர். இப்போது மூன்றையும் சேர்த்தே பார்க்கிறார். அவர் சம்மதத்தோடுதான் எழுதுகிறேன். பெயர், ஊர், தொடர், நிறுவனம் எதையும் சொல்லவில்லை.

"அந்தம்மா எதுலயும் நிலையா நிக்கல" என்று அவரைப் பற்றிச் சொல்கிறவர்கள் உண்டு. காகிதங்களை வரிசையாக வைத்துப் பார்த்த எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஒவ்வொரு முறையும் காரணத்தோடுதான் மாறியிருக்கிறார். எழுதும் கையும் சேலை பார்க்கும் கண்ணும் எல்லா இடத்துக்கும் அவரோடு போயின. தான் உருவாக்கியதன் உரிமையை மட்டும் போன இடத்திலெல்லாம் விட்டுவிட்டு வந்திருக்கிறார். அது எப்படி நடந்தது, பிறகு எப்படிச் சரிசெய்தார் என்பதுதான் மற்ற எழுத்தாளர்களுக்குப் பயன்படும் பகுதி.

பின்னணி

பட்டு நெசவாளர் வீட்டுப் பெண். அப்பா கோர்வைச் சேலை நெய்தவர். கோர்வையில் உடலும் கரையும் வேறு வேறு நிறமாக இருப்பதால் மூன்று நாடா (ஊடு நூலைக் கொண்டுபோகும் தறிக் கருவி) ஓட வேண்டும்; தறியில் உட்காருகிறவருக்குப் பக்கத்தில் இன்னொரு கை வேண்டும். சின்ன வயதில் அந்த இன்னொரு கை இவர்தான்.

கல்லூரி முடித்து 1990களின் கடைசியில் சென்னைக்கு வந்தார். உதவி இயக்குநராகச் சேர்ந்த இடத்தில், கதை விவாதத்துக்கு உட்கார வைப்பதற்கு முன்னால், எந்தக் காட்சியில் யார் என்ன உடையில் இருந்தார் என்று குறித்து வைக்கும் உடைக் கன்டினியூட்டி நோட்டைக் கையில் கொடுத்தார்கள். "பொண்ணுதானே, சேலை விவரம் தெரியும்" என்ற கணக்கு. வேலை என்னவோ அலட்சியமாகத் தரப்பட்டதுதான். ஆனால் அவர் அதைப் பார்த்த விதம் வேறு. மற்றவர்கள் "பச்சைச் சேலை" என்று எழுதிய இடத்தில் இவர் "கிளிப்பச்சை, அரக்குக் கரை, முந்தி இடது கையில் சுற்றியிருக்கிறது, மடிப்பு கலைந்தது" என்று எழுதுவார். அந்தப் பழைய நோட்டு ஒன்றை நான் பார்த்திருக்கிறேன். ஒரு காட்சியில் அந்தப் பாத்திரம் என்ன மனநிலையில் இருந்தது என்பதை வசனத்தைப் படிக்காமலே சொல்லிவிடலாம்.

முதல் கதை, ஒரு பக்கக் கடிதம்

சில படங்களில் வேலை பார்த்த பிறகு சொந்தமாக ஒரு திரைக்கதையை முழுசாக எழுதி, பவுண்ட் ஸ்கிரிப்டாகவே கொண்டுபோனார். ஒரு தயாரிப்பாளருக்குப் பிடித்தது. அட்வான்ஸ் கொடுத்து, லெட்டர்பேடில் ஒரு பக்கக் கடிதம் டைப் செய்து கையெழுத்து வாங்கினார்கள். "இக்கதையின் முழு உரிமையையும் அளிக்கிறேன்" என்ற வரி அதில் உண்டு. எத்தனை ஆண்டுகளுக்கு, எந்த நாட்டுக்கு, படம் எடுக்காவிட்டால் என்ன ஆகும் என்று ஒன்றும் கிடையாது.

படம் நகரவில்லை. நாயகன் தேதி கிடைக்கவில்லை, அப்புறம் பைனான்ஸ் நின்றது. கதை அலமாரிக்குப் போனது.

இந்த மாதிரிக் கடிதத்தை வைத்துக்கொண்டு "கதை போச்சு" என்று உட்கார்ந்திருக்கும் உதவி இயக்குநர்கள் இன்றும் இருப்பதால் சட்டத்தைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். பதிப்புரிமைச் சட்டத்தின் 19ஆம் பிரிவில், 1994ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு, சில விஷயங்கள் தெளிவாக இருக்கின்றன. உரிமை வாங்கியவர் ஓராண்டுக்குள் அதைப் பயன்படுத்தாவிட்டால் அந்த ஒப்படைப்பு காலாவதியாகும். ஒப்பந்தத்தில் வேறுவிதமாக எழுதியிருந்தால் மட்டுமே இது பொருந்தாது. காலம் குறிப்பிடவில்லை என்றால் 5 ஆண்டு. இடம் குறிப்பிடவில்லை என்றால் இந்தியாவுக்குள் மட்டும். ஆக, அந்தக் கடிதத்தில் எழுதாமல் விட்டதெல்லாம் எழுத்தாளர் பக்கம் சாய்ந்திருந்தது. இது அப்போது அவருக்குத் தெரியாது. சொல்லித்தரவும் ஆள் இல்லை. கோடம்பாக்கத்து வழக்கம் ஒன்றுதான்: அட்வான்ஸைத் திருப்பிக் கொடுத்து என்.ஓ.சி. (ஆட்சேபணை இல்லை என்ற கடிதம்) வாங்கு. அட்வான்ஸ் வீட்டுக் கடனுக்குப் போயிருந்தது.

கதையைத் தனக்குத் தானே பதிவுத் தபாலில் அனுப்பி, உறையைப் பிரிக்காமல் வைத்திருந்தார். பலரும் செய்கிற காரியம்தான். கதை எந்தத் தேதியில் இருந்தது என்பதற்கு அது ஏதோ ஒரு சாட்சி. அதற்கு மேல் அதை நம்பக் கூடாது. தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர் சங்கத்தில் பதிவது, அதோடு 500 ரூபாய் கட்டணத்தில் பதிப்புரிமை அலுவலகத்தில் பதிவது, இரண்டும் இதைவிட உருப்படியானவை. வெறும் ஒன்லைனை, அதாவது கதையின் ஒரு வரிச் சுருக்கத்தை, வைத்துக்கொண்டு எங்கேயும் போக முடியாது. கருத்துக்குப் பதிப்புரிமை இல்லை, அதைச் சொன்ன விதத்துக்குத்தான் உண்டு என்று 1978இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

தொலைக்காட்சிக்குப் போனது ஏன்

முடிவு செய்தது பணம். தங்கையின் கல்யாணம், அப்பாவுக்குக் கண் மங்கியது, இரண்டும் ஒரே நேரத்தில் வந்தன. சினிமாவில் அடுத்த அட்வான்ஸ் எப்போது வரும் என்று யாராலும் சொல்ல முடியாது. 1993இல் தனியார் தமிழ்ச் சேனல் வந்து, 1990களின் இறுதியில் தினசரித் தொடர்கள் இரவு நேரத்தைப் பிடித்துக்கொண்ட பிறகு, வசனம் எழுத ஆள் தேவைப்பட்டுக்கொண்டே இருந்தது. எபிசோடுக்கு இவ்வளவு என்று பேசினால் மாதக் கணக்கு போட முடியும். போனார்.

அங்கே கற்றுக்கொண்டது பற்றி அவர் சொன்ன ஒன்றை மட்டும் குறிப்பிடுகிறேன். சினிமா வசனத்தை இருட்டில் திரையைப் பார்த்துக்கொண்டு கேட்கிறார்கள். சீரியல் வசனத்தை அடுப்படியில் நின்று, குக்கர் விசிலுக்கு நடுவே கேட்கிறார்கள். அதனால் யார் யாரிடம் பேசுகிறார், எதைப் பற்றிப் பேசுகிறார் என்பது காதுக்கே புரிய வேண்டும். "அவன் வந்தான்" என்று எழுதினால் போதாது. "உன் மூத்த மருமகன் வந்தான்" என்று எழுத வேண்டும். சினிமா நண்பர்கள் இதைக் கேலி செய்தார்கள். எனக்கு அது கேலிக்குரியதாகப் படவில்லை. கேட்பவர் எங்கே நிற்கிறார் என்று தெரிந்து எழுதுவதும் தேர்ச்சிதான்.

காலையில் எழுதிய காட்சி மதியம் படமாகும். வியாழக்கிழமை டி.ஆர்.பி. வந்தால் வெள்ளிக்கிழமை கதையின் திசை மாறும். இந்த ஓட்டத்தில் வசனத்திலிருந்து திரைக்கதைக்கும், பிறகு ஒரு தொடரின் கதைப் பொறுப்புக்கும் உயர்ந்தார். சேனலோடு போட்ட ஒப்பந்தத்தில் கதை, பாத்திரங்கள், அவற்றிலிருந்து உருவாகும் எல்லாம், உலகம் முழுவதும், எல்லா ஊடகங்களிலும், நிரந்தரமாக என்று எழுதியிருந்தது. இந்த முறை விடுபட்டது எதுவும் இல்லை. படித்துப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டார். மாத வருமானத்துக்கு அது விலை என்று அவருக்குத் தெரியும்.

ஏழு சேலை

அந்தத் தொடரின் நாயகி வசதியான வீட்டிலிருந்து ஒரே ஒரு பையோடு வெளியேறுகிறவள். வாடகை அறை, தையல் வேலை, பக்கத்து வீட்டுப் பெண்ணின் சிநேகம் என்று கதை போகிறது. தொடர் வழக்கப்படி நாயகி காட்சிக்குக் காட்சி புதுச் சேலையில் வந்தாக வேண்டும். உடை உதவி செய்யும் கடையின் பெயர் கடைசியில் பெயர்கள் ஓடும் கார்டில் வரும்.

எழுத்தாளர் மறுத்தார். "பையில எத்தனை சேலை கொள்ளும்? ஏழு. அந்த ஏழுதான் இனி." இதைச் சொன்னதும் தயாரிப்பு நிர்வாகி பதறியது நியாயம்தான். "மேடம், கடைக்காரர் சேலை கொடுக்கிறதே தினம் ஒண்ணு காட்டத்தான். ஏழோட நிறுத்தினா அவர் என்ன சொல்வார்?" சேனல் தரப்பில் ரிச் லுக் போய்விடும் என்றார்கள். இயக்குநர் நடுவில் நின்றார். கடைசியில் நடிகைதான் கைகொடுத்தார். "அக்கா சொல்றது சரி சார். எனக்கும் டச்சப் நேரத்துல சேலை மாத்துற வேலை மிச்சம்."

சமரசம் இப்படி அமைந்தது: மாமியார், நாத்தனார், வில்லி எல்லாம் கடையின் புதுச் சேலைகளில் வருவார்கள், நாயகிக்கு ஏழு மட்டும். கடைக்காரரும் ஒப்புக்கொண்டார். வில்லியின் சேலைதான் எப்போதும் கொஞ்சம் பகட்டாக இருக்கும், அவருக்கு நஷ்டமில்லை.

ஏழு சேலைக்கும் ஒரு பக்கக் குறிப்பு எழுதப்பட்டது. யார் வாங்கிக் கொடுத்தது, எங்கே கிழிந்தது, எந்த நாளில் கட்டுவாள். சீன் பேப்பரில் காட்சி எண்ணுக்குப் பக்கத்தில் "சே. 4" என்று ஓரத்தில் இருக்கும். நான்காவது சேலை கடுகு மஞ்சள் பருத்தி, அரக்குக் கரை, முந்திக்குக் கீழே விரலகலத்துக்கு இழை ஓட்டித் தைத்த இடம். பக்கத்து வீட்டுப் பெண் வேலைக்கு நேர்முகத் தேர்வுக்குப் போகிற காட்சியில் அந்தச் சேலையை இவள் கொடுக்கிறாள். தைத்த இடம் வெளியே தெரியாதபடி மடிப்பைத் தானே வைத்து விடுகிறாள். அரைப் பக்கம் எழுதியிருந்த வசனத்தைப் படப்பிடிப்புத் தளத்திலேயே அடித்துவிட்டார். அடுப்படிக்கும் கேட்க வேண்டும் என்று எழுதிப் பழகியவர் அந்த ஒரு காட்சியை மட்டும் சத்தமில்லாமல் விட்டார்.

யாரும் எதிர்பார்க்காத லாபம் ஒன்றும் வந்தது. தொடர்களில் காட்சிகள் முன்பின்னாகப் படமாகும். ஒரு ஷாட் விடுபட்டால் இன்னொரு நாளின் ஷாட்டை எடுத்து ஒட்ட முடியாது, சேலை காட்டிக்கொடுத்துவிடும். ஏழே சேலை என்றானதும் எடிட்டருக்குக் கை நிறைய மாற்று ஷாட் கிடைத்தது.

ஏழில் இரண்டு சேலை எழுத்தாளரின் பெரியப்பா மகன் தறியில் நெய்தவை. கிராஃப் தாளில் எழுத்தாளரே புட்டா (சேலையில் வரும் சிறு பூ வடிவம்) வரைந்து, தறிக்கு அந்த வடிவத்தைச் சொல்லும் ஜக்கார்டு அட்டை அடித்து வாங்கியது. அதற்கு ஒப்பந்தம் எதுவும் எழுதவில்லை. தறிக்கு நாலு ஆர்டர் வந்தால் சரி என்பதுதான் அப்போதைய எண்ணம்.

கடைக்கு வந்த சேலை

ஆர்டர் வந்தது. 1980களில் நதியா கம்மல், நதியா வளையல் என்று கேட்டு வாங்கிய ஊர் இது. தொடர் சூடு பிடித்ததும் நாயகியின் பெயரைச் சொல்லிச் சேலை கேட்க ஆரம்பித்தார்கள். உறவினர் தறிகளில் அந்தப் புட்டா சேலைகள் தொடர்ந்து நெய்யப்பட்டன. கொஞ்ச நாளில் விசைத்தறிப் பிரதிகள் பாதி விலைக்கும் குறைவாகக் கடைகளில் தொங்கின, அதே பெயர்ச் சீட்டோடு. தறி ஆர்டர் நின்றது.

வழக்கறிஞரிடம் போனபோது கிடைத்த பதில்கள் ஒவ்வொன்றும் ஒரு கதவை மூடின. பாத்திரத்தின் பெயர் சேனலுக்குச் சொந்தம். அதைப் பற்றி இவர் புகார் செய்ய முடியாது. சேலையின் புட்டா ஒரு ஓவியம், அதற்குப் பதிப்புரிமை இல்லையா? தொடக்கத்தில் உண்டு. ஆனால் வடிவமைப்புச் சட்டம் 2000இன்படி பதியத் தகுந்த வடிவத்தைப் பதியாமல், உரிமையாளரோ அவர் அனுமதி பெற்றவரோ தொழில்முறையில் 50 தடவைக்கு மேல் பிரதி எடுத்தால் அந்தப் பதிப்புரிமை போய்விடும். பதிப்புரிமைச் சட்டம் 15ஆம் பிரிவு. கவனிக்க வேண்டியது, அந்த 50ஐத் தாண்ட வைத்தது விசைத்தறிப் பிரதிகள் கிடையாது. அவர் சந்தோஷமாகச் சம்மதித்து, பெரியப்பா மகன் நெய்த சேலைகள்தான்.

சரி, இப்போதாவது பதியலாமா என்றால் அதுவும் முடியாது. விண்ணப்பிக்கும் முன்பே பொதுமக்கள் பார்த்துவிட்ட வடிவத்தைப் பதிய இயலாது. தமிழ்நாடே இரவு உணவு நேரத்தில் பார்த்த சேலை அது.

ஒரு கதைக்கு எழுத்தாளரின் ஆயுளும் அதற்கு மேல் 60 ஆண்டும் பாதுகாப்பு. அதே கை வரைந்த புட்டாவுக்கு 51ஆவது சேலையோடு முடிந்தது. இரண்டு சட்டங்களுக்கும் தனித்தனி நியாயம் இருக்கிறது, அதை மறுக்கவில்லை. ஆனால் ஒரே மனிதர் இரண்டையும் செய்யும்போது, முதல் துறையில் பழகிய எதிர்பார்ப்போடு அடுத்த துறைக்குள் போய்விடுகிறார்.

உடைத் தொழிலில் எடுத்த முடிவுகள்

தொடர் முடிந்ததும் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை. ஒரு ஜவுளி நிறுவனத்துக்கு ஆடி, தீபாவளி விளம்பரப் படங்கள் எழுதினார். 2020 மார்ச்சில் படப்பிடிப்புகள் நின்றபோது எழுத்து வருமானம் அடியோடு போனது. ஊரில் தறிக்காரர்களிடம் விற்காத சேலைகள் கிடந்தன. சொந்தமாக ஒரு சிறிய சேலை லேபிள் தொடங்கியது அப்போதுதான்.

இந்த முறை வரிசையை மாற்றினார். முதலில் விண்ணப்பம், பிறகுதான் சேலையின் புகைப்படத்தை வெளியிடுவது. வடிவமைப்புப் பதிவை நடத்தும் பிரிவு கொல்கத்தாவில் இருக்கிறது. தனி நபருக்கு விண்ணப்பக் கட்டணம் 1000 ரூபாய். பதிவானால் 10 ஆண்டு, நீட்டித்தால் இன்னும் 5. விண்ணப்பத் தேதி கிடைக்கும் வரை இன்ஸ்டாகிராமில் ஒரு மூலைகூடக் காட்டக் கூடாது என்று வீட்டில் சொல்லி வைத்தார்.

எல்லாவற்றையும் பதியவும் இல்லை. அதில்தான் நெசவு வீட்டு அறிவு வேலை செய்தது. காலங்காலமாக வருகிற கட்டம், கோடு இவற்றைப் புதியது என்று யாரும் பதிய முடியாது. கோர்வைச் சேலையின் இணைப்பை விசைத்தறியில் அப்படியே கொண்டுவருவது கடினம். அதற்குச் செலவு வேண்டாம். எளிதில் நகலாகும் ஜக்கார்டு புட்டாக்களுக்கு மட்டும் விண்ணப்பித்தார். பழைய பாத்திரத்தின் பெயரைச் சொன்னால் விற்கும் என்று தெரிந்தும் அதைத் தொடவில்லை. வேறு பெயர் வைத்து வணிகக் குறியாகப் பதிந்தார்.

விளைவு கலவையானது. புகைப்படத்தை நிறுத்தி வைத்ததில் ஒரு தீபாவளிச் சீசன் ஒரு வடிவத்துக்குத் தவறியது. பெரியப்பா மகனுக்கு அதில் இன்னும் மனத்தாங்கல். "நீ காயிதம் பாத்துக்கிட்டே இரு, அவன் வித்துட்டுப் போயிடுவான்" என்றார். அவர் சொல்வதிலும் உண்மை இருக்கிறது. தொடக்கத்தில் ஒவ்வொரு சேலைக்கும் அரைப் பக்கக் கதை எழுதிப் போட்டார், கீழே வந்த கேள்வி பெரும்பாலும் "அக்கா, ப்ளவுஸ் அட்டாச்டா? எத்தனை மீட்டர்?" என்பதுதான். கதை இரண்டு வரியானது. அளவும் பராமரிப்பும் முதல் வரிக்கு ஏறின.

கணக்கில் ஒரு சுவாரசியம். வருமான வரி விதிகள் 1962இன் 6எஃப் விதி "திரைப்படக் கலைஞர்" யார் என்று பட்டியலிட்டது. கதை எழுதுகிறவர், திரைக்கதை எழுதுகிறவர், வசனம் எழுதுகிறவர் ஆகியோருக்குப் பக்கத்திலேயே உடை வடிவமைப்பாளரும் இருந்தார். படத்துக்கு எழுதுவதும் உடை வடிவமைப்பதும் வரித்துறைக்கு ஒரே வகைத் தொழில்தான். சேலை விற்பது மட்டும் வியாபாரம். அதற்குத் தனிப் புத்தகம், தனி ஜி.எஸ்.டி. கணக்கு. இதைக் கலந்து வைத்திருந்ததைப் பிரிக்க ஒரு நிதியாண்டு முழுவதும் பிடித்தது.

மறுபடி சினிமா

ஒரு வெப் தொடருக்குத் திரைக்கதையும் உடை வடிவமைப்பும் சேர்த்துக் கேட்டார்கள். இரண்டுக்கும் தனித்தனி ஒப்பந்தம், தனித்தனி கார்டு என்று நின்றார், கிடைத்தது. அந்த வேலையைப் பார்த்துத்தான் வேறொரு தயாரிப்பாளர் பழைய கதையைப் பற்றி விசாரித்தார்.

அந்த ஒரு பக்கக் கடிதம் அப்போதுதான் என் கைக்கு வந்தது. சட்டப்படி கதை எப்போதோ இவரிடம் திரும்பியிருந்தது. இருந்தும் அவர் பழைய தயாரிப்பாளரைப் போய்ப் பார்த்து, அட்வான்ஸைத் திருப்பிக் கொடுத்து, என்.ஓ.சி. வாங்கினார். சட்டம் தன் பக்கம் இருக்கும்போது பணம் எதற்கு என்று என்னிடம் கேட்டவர்கள் உண்டு. படம் வெளியாகும் வாரத்தில் ஒருவர் நீதிமன்றத்துக்குப் போனாலே போதும், வியாபாரம் ஆடிவிடும். புதுத் தயாரிப்பாளருக்கு வேண்டியது நிம்மதி. எழுத்தாளர் அதைத் தன் செலவில் கொடுத்ததால், சம்பளப் பேச்சில் கொஞ்சம் நிமிர்ந்து உட்கார முடிந்தது.

புது ஒப்பந்தத்தில் காலவரை உண்டு. அதற்குள் படப்பிடிப்பு தொடங்காவிட்டால் கதை திரும்பும் என்று வெளிப்படையாகவே எழுதியிருக்கிறது. 2012ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, திரையரங்கைத் தவிர்த்த பிற பயன்பாடுகளில் எழுத்தாளருக்கு உள்ள ராயல்டி உரிமையைத் தயாரிப்பாளருக்கு விட்டுக்கொடுக்க முடியாது என்பதும் குறிப்பிடப்பட்டிருக்கிறது. அந்தப் பணம் கைக்கு வந்து சேருவது தனிப் போராட்டம். எழுதி வைத்திருப்பதால் கேட்கவாவது முடியும்.

மறுபடி செய்தால் எதை மாற்றுவார்

அவரிடமே கேட்டேன். சினிமாவை விட்டு சீரியலுக்குப் போனதை மாற்ற மாட்டாராம். சேனல் ஒப்பந்தத்தில் போட்ட கையெழுத்தையும் மாற்ற மாட்டாராம். "அன்னிக்கு அந்த மாதச் சம்பளம் வேணும்" என்றார். ஏழு சேலைக் குறிப்பைத் தனித் தாளில் தேதி போட்டு எழுதி, உடை வடிவமைப்பு என்று ஒரு தனிக் கடிதம் வாங்கியிருப்பார். அந்த இரண்டு புட்டாக்களுக்கும் ஒளிபரப்புக்கு முன்னால் விண்ணப்பித்திருப்பார்.

என் பங்குக்கு ஒன்று சேர்ப்பேன். அந்தத் தொடரில் நடிகை, கடைக்காரர், எடிட்டர் மூவருக்கும் இந்த யோசனையால் லாபம் என்று தெரிந்த நாளில், பேசுவதற்கு அவர் கையில் பிடி இருந்தது. அடுத்த ஒப்பந்தம் வரை காத்திருக்காமல் அன்றே துணை ஒப்பந்தம் கேட்டிருக்க வேண்டும்.

இப்போதைய படத்தில் ஒரு விஷயம் இன்னும் தீரவில்லை. திரைக்கதையின் ஓரத்தில் அவர் எழுதும் உடைக் குறிப்புகள் திரைக்கதைச் சம்பளத்துக்குள் அடங்குமா, தனியா? தனி இணைப்பாக வேண்டும் என்பது இவர் தரப்பு. தயாரிப்பாளர் தரப்பு அந்தப் பத்தியை அடித்துத் திருப்பி அனுப்பியிருக்கிறது. உடைக் குறிப்பு இல்லாத பிரதி ஒன்றையும், உள்ள பிரதி ஒன்றையும் சேர்த்து, எது வேண்டும் என்று கேட்டு இவர் பதில் அனுப்பியிருக்கிறார்.